அம்பு மழையும் குடைக்காரரும்

எங்கள் தெருக் குடைக்காரரைப் பற்றிச் சொல்ல வேண்டுமென்றால் முதலில் மண்டபத்துத் திரையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அவருடைய வாழ்க்கையைப் பிடித்து உலுக்கியதே அதுதான்.

ஊர் மண்டபத்தின் பெரிய சுவரை முழுவதும் மறைத்துக்கொண்டு ஒரு சித்திரத் திரை தொங்குகிறது. அதை நெய்தவர் என்று யாரும் கிடையாது. அது தன்னைத்தானே நெய்துகொள்கிறது. எப்போதாவது ஒருநாள் எலி கொறிப்பதுபோல் ஒரு சத்தம் கேட்கும். நூல்கள் தாமாக ஊர்ந்து, பின்னி, முடிச்சுப் போட்டுக்கொள்ளும். விடிந்து பார்த்தால் கீழோரத்தில் புதிதாக ஒரு சித்திரம் இருக்கும். அதில் இருப்பது இன்றைக்கோ பல வருஷம் கழித்தோ நடந்தே தீரும். ஆறு திசைமாறி ஓடப்போவதைத் திரைதான் முதலில் காட்டியது. பழைய அரசர் குதிரையிலிருந்து விழப்போவதையும் காட்டியது. அதன் பிறகு அரசர் லாயத்துப் பக்கமே போகவில்லை. கடைசியில் பேரனுடைய மரக்குதிரையிலிருந்து விழுந்தார்.

திரையிடம் ஒரு குறை உண்டு. படம் காட்டுமே தவிர ஒரு வார்த்தை பேசாது. எப்போது, எதற்காக, அப்புறம் என்ன ஆயிற்று என்று எதுவும் சொல்லாது. அதனால் படத்துக்குப் பொருள் சொல்வதற்கென்றே ஒரு சபை இருந்தது. சபையில் இருந்தவர்கள் நல்லவர்கள், நிறையப் படித்தவர்கள். எந்தப் படத்தைப் பார்த்தாலும் போர் என்பார்கள். பெரும்பாலும் அது சரியாகவும் இருந்தது. அந்தக் காலத்தில் போருக்கா பஞ்சம்?

இனிக் குடைக்காரர். நெடுநெடுவென்று உயரம், இடது பக்கம் கோணிய மூக்கு, உச்சந்தலையில் கையகல வழுக்கை. மாடிப்படிக்கு அடியில் ஒரு பலகையைப் போட்டு, உடைந்த குடைகளுக்கு நடுவே உட்கார்ந்திருப்பார். கம்பி மாற்றுவது, துணி தைப்பது, துருப்பிடித்த ஸ்பிரிங்கை எண்ணெய் விட்டு உயிர்ப்பிப்பது, இதுதான் அவர் உலகம். வீரத்துக்கும் அவருக்கும் ஏழாம் பொருத்தம். எதிரே வாத்து வந்தால் ஓரமாக நின்று வழிவிடுவார். சலூனில் காதோரம் கத்தி வரும்போது கண்ணை இறுக்கி மூடிக்கொள்வார்.

படிக்கு இந்தப் பக்கம், தெருவைப் பார்த்த முன்னறையில் அவர் மனைவி பொத்தான் கடை வைத்திருந்தாள். ஊருக்கே அவள் பட்டன் அக்கா. சுவர் நெடுகச் சின்னச் சின்ன இழுப்பறைகள். ஒவ்வொன்றின் முகப்பிலும் உள்ளே என்ன இருக்கிறது என்று காட்ட ஒரு பொத்தான் தைத்திருக்கும். கடையில் விற்பது பொத்தானாக இருந்தாலும் வாயில் இருப்பது ஊசி என்பார்கள். அவள் காதுபடச் சொல்ல மாட்டார்கள்.

ஒரு காலை, மண்டபத்தில் காவல் வேலை பார்க்கும் பட்டன் அக்காவின் தம்பி, தொப்பி எங்கேயோ விழுந்ததுகூடத் தெரியாமல் ஓடிவந்தான்.

“மாமா! மாமா! திரையில நீங்க வந்திருக்கீங்க!”

குடைக்காரர் வாயில் கவ்வியிருந்த நூலை எடுத்தார். “நானா? நான் எதுக்கு அங்க வரப்போறேன்? வேற யாராவது இருக்கும்.”

“அந்த மூக்கு வேற யாருக்கு மாமா இருக்கு?”

கடையை அப்படியே போட்டுவிட்டு மூவரும் போனார்கள். மண்டபத்தில் அதற்குள் கால் வைக்க இடமில்லை. கூட்டம் அவரைக் கண்டதும் தானாக விலகியது. வாழ்க்கையில் முதல்முறையாக அவருக்கு யாரோ வழிவிட்டார்கள். அவர் பின்னால் திரும்பி, யார் வருகிறார்கள் என்று பார்த்தார்.

படத்தில் மலை மாதிரி ஒரு மிருகம். சாம்பல் நிறம், மடிப்பு மடிப்பாகத் தோல், குகைபோலத் திறந்த வாய். அதற்கு நேர் எதிரே, ஒரு காலை முன்வைத்து, உடம்பை வளைத்து, கையிலிருந்த குடையை மிருகத்தின் முகத்தை நோக்கி நீட்டிக்கொண்டு நம்முடைய குடைக்காரர். சுற்றிலும் வெள்ளி நூலில் சாய்வாகக் கோடுகள், எண்ணிலடங்காத கோடுகள். மூக்கு அவருடையது. வழுக்கை அவருடையது. பழுப்புக் கோட்டு அவருடையது. கோட்டில் நடுப் பொத்தான் மட்டும் பச்சை.

சபைத் தலைவர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, நெடுநேரம் பார்த்துவிட்டு, கரகரத்த குரலில் அறிவித்தார்: “மேகத்துக்கு மேல வாழற மிருகம் இது. கீழ இறங்கி வரப்போகுது. இந்தக் கோடெல்லாம் அம்பு. நம்ம சேனை விடற அம்பு மழை! அதுக்கு நடுவுல இந்த மகாவீரர் தன்னந்தனியா முன்னேறி, மிருகத்தோட கண்ணுல குத்திக் கொல்லப்போறார்!”

மண்டபம் அதிர்ந்தது. குடைக்காரர் மறுபடியும் பின்னால் திரும்பிப் பார்த்தார்.

பட்டன் அக்கா திரைக்குப் பக்கத்தில் போய் குனிந்து பார்த்தாள். பிறகு கணவனிடம் திரும்பி, பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள்: “என்னங்க இது? பச்சை பட்டன்?”

“பழசு அறுந்துபோச்சு. நீ வேலையா இருந்தே. கையில கிடைச்சதை நானே தைச்சுக்கிட்டேன்.”

“பட்டன் கடைக்காரி புருஷன், ஒட்டுப் பட்டனோட உலகம் முடியற வரைக்கும் இங்க தொங்கப்போறீங்க. என் மானம் போச்சு.”

அன்றிலிருந்து அவர் மகாவீரர் ஆனார். கல்யாண வீடுகளில் முதல் நாற்காலி அவருக்கு. தெருவில் நடந்தால் ஆண்கள் தொப்பியைக் கழற்றினார்கள். மண்டபத்துக்கு எதிரே அவருக்குச் சிலை வைப்பதற்காகப் பீடம்கூடக் கட்டிவிட்டார்கள். மிருகம் செத்த பிறகு சிலையை ஏற்றிக்கொள்ளலாம் என்று ஏற்பாடு.

சேனாபதி அவருக்குப் பயிற்சி கொடுக்க ஒரு வாத்தியாரை அனுப்பினார். “குடையை ஓங்கி, ஒரே குத்து!” என்றார் வாத்தியார். குடைக்காரர் கண்ணை மூடிக்கொண்டு குத்தினார். குடை பட்டென்று விரிந்து வாத்தியாரின் மூக்கில் அடித்தது. குடை விரியாதபடி மூடித் தைத்துவிட வேண்டும் என்றார் வாத்தியார், மூக்கைப் பிடித்தபடியே. எதற்கும் எதிர்த்துப் பேசாத மனுஷர் அதற்கு மட்டும் ஒப்புக்கொள்ளவில்லை.

“மூடித் தைச்சா அது குடையாங்க? வேற என்ன வேணா சொல்லுங்க, செய்றேன்.”

இந்த மரியாதையில் ஒரு சங்கடம் இருந்தது. யாரும் அவரிடம் குடை கொடுப்பதில்லை. மகாவீரரிடம் போய்க் கம்பி ஒடிந்துவிட்டது என்று எப்படிச் சொல்வது? நானே என் குடையைப் பரணில் போட்டுவிட்டு நனைந்துகொண்டு நடந்தேன். மழைக் காலத்தில் ஊரே மரியாதையாக நனைந்தது. அவர் வீடு வீடாகப் போய், “குடை கிடை உடைஞ்சிருக்கா?” என்று கேட்டுப் பார்த்தார். “ஐயோ, உங்க கையாலயா? வேண்டவே வேண்டாம்!” என்று கும்பிட்டார்கள். மாடிப்படிக்கு அடியில் பலகை காலியாகக் கிடந்தது. அவர் தன்னுடைய சொந்தக் குடையையே பிரிப்பார், பூட்டுவார், மறுபடி பிரிப்பார். குடும்பம் பொத்தானில் ஓடியது.

ஒருநாள் மத்தியானம், கடையில் கூட்டம் இல்லாத நேரம், அவர் முன்னறைக்கு வந்து நின்றார். பட்டன் அக்கா பொத்தான்களை நிறம் பார்த்துப் பிரித்துக்கொண்டிருந்தாள்.

“இவளே, எனக்கு பயமா இருக்கு.”

அவள் நிமிரவில்லை. “எதுக்கு?”

“அந்த வாயைப் பாத்தேல்ல? இடி இடிச்சாக்கூட அதுதான் வந்துடுச்சோன்னு கை நடுங்குது. நான் எங்க, மிருகத்தைக் கொல்றது எங்க? எலிப்பொறியில எலி விழுந்தாலே உன்னைத்தானே கூப்பிடறேன்.”

“இதை வேற யார்கிட்டயாவது சொன்னீங்களா?”

“யார்கிட்ட சொல்றது? எல்லாரும் தொப்பியைக் கழட்டறாங்க.”

“என்கிட்ட சொன்னீங்கல்ல, போதும். போய் சாப்பிடுங்க.”

அவ்வளவுதான் அவள் சொன்னது. ஆனால் அவர் சாப்பிட்டு முடிப்பதற்குள் ஆணியில் தொங்கிய கோட்டை எடுத்து, பச்சைப் பொத்தானை அறுத்தெறிந்துவிட்டு, பழுப்புப் பொத்தான் வைத்து இறுக்கித் தைத்துவிட்டாள். அவள் கணக்கு இதுதான்: படத்தில் இருப்பது பச்சை. கோட்டில் பச்சை இல்லையென்றால் படம் எப்படி நடக்கும்? அதோடு விடவில்லை. கடையில் இருந்த பச்சைப் பொத்தான்கள் அத்தனையையும், கரும்பச்சை, இளம்பச்சை, கிளிப்பச்சை என்று பேதம் பார்க்காமல் மூட்டை கட்டி ஆற்றில் கொட்டினாள்.

“பச்சை பட்டன் இருக்காக்கா?” என்று யாராவது கேட்டால், “வராது” என்பாள்.

“எப்ப வரும்?”

“வரவே வராது.”

அந்த வருஷங்களில் எங்கள் ஊரில் பச்சைச் சட்டை போட்டவர்களெல்லாம் நெஞ்சைக் கையால் பிடித்துக்கொண்டுதான் நடந்தார்கள்.

சபைக்கு விஷயம் எட்டியது. ஒரு பெரியவர் வந்து, திரையோடு விளையாடக்கூடாது, பொத்தானைப் பழையபடி மாற்றிவிட வேண்டும் என்று நயமாகச் சொன்னார். “என் புருஷன், என் பட்டன். உங்களுக்கு என்ன வேணும்? சட்டைக்கா, பாவாடைக்கா?” என்று கேட்டாள் பட்டன் அக்கா. பெரியவர் வேறு வழியில்லாமல் சட்டைக்கு அரை டஜன் வாங்கிக்கொண்டு போனார்.

வருஷங்கள் ஓடின. மிருகம் வரவில்லை. பீடத்தின் மேல் பக்கத்து வீட்டார் துணி காயப்போட ஆரம்பித்திருந்தார்கள். குடைக்காரருக்கும் முகத்தில் கொஞ்சம் தெளிவு வந்தது.

அப்போது பார்த்து, அடைமழைக் காலத்தில் ஒரு காலை, ஆடு மேய்க்கிறவர்கள் ஆடுகளையும் விட்டுவிட்டு மலையிலிருந்து ஓடிவந்தார்கள். கணவாய்ப் பாதையில் அது படுத்திருக்கிறது என்றார்கள். அலறுகிறது என்றார்கள். சொல்லி முடிப்பதற்குள் எங்களுக்கே கேட்டது. வெகுதூரத்தில் மலையே வயிற்றுவலியால் புரள்வதுபோல ஒரு சத்தம்.

சிறிது நேரத்தில் குடைக்காரர் வீட்டு வாசலில் சேனாபதி, சபையார், முரசு, கொடி, பின்னால் நாங்கள் எல்லோரும். மழை கொஞ்சமாகத்தான் தூறிக்கொண்டிருந்தது. குடைக்காரர் குடையோடு வெளியே வந்தார். முகத்தில் ரத்தம் இல்லை. ஆனாலும் வந்தார். அதை நான் இங்கே சொல்லியாக வேண்டும். பின்வாசல் வழியாக ஓடியிருக்கலாம். பட்டன் அக்காவின் தம்பிகூட ஜாடை காட்டினான். அவர் போகவில்லை.

சபைத் தலைவர் ஒரு பெட்டியைத் திறந்தார். உள்ளே மடிப்புக் கலையாத ஒரு பழுப்புக் கோட்டு. அளவெடுத்துத் தைத்தது. நடுவில் பச்சைப் பொத்தான். இத்தனை வருஷமும் சபை அதை ரகசியமாக வைத்திருந்திருக்கிறது. அதை அவருக்கு மாட்டிவிட்டார்கள்.

பட்டன் அக்கா அந்தப் பொத்தானையே பார்த்தாள். ஊரே அவள் வாய்க்குப் பயந்து நின்றது. அவளோ உள்ளே போனாள், கடைக் கதவைச் சாத்தினாள், தன்னுடைய குடையை எடுத்துக்கொண்டு வந்து கணவனுக்குப் பக்கத்தில் நின்றாள்.

“நீ எங்க வர்றே?” என்றார் அவர். “படத்துல நீ இல்லையே.”

“படம் ஓரத்தோட முடிஞ்சுடுதுல்ல? அந்த ஓரத்துக்கு இந்தப் பக்கம் நான் நிக்கிறேன். யார் என்னை வேண்டாம்னு சொல்றது?”

ஊர்வலம் கிளம்பியது. கணவாய்க்கு முந்தின வளைவு வந்ததும் சபைத் தலைவர் கையை உயர்த்தினார். படத்தில் சேனையின் அம்புகள்தான் இருக்கின்றன, சேனை இல்லை, ஆகவே சேனை இங்கேயே நிற்பதுதான் சாஸ்திரம் என்றார். சேனைக்கு அந்த சாஸ்திரம் மிகவும் பிடித்துப்போயிற்று. கணவனும் மனைவியும் வளைவைத் தாண்டினார்கள். அதே சமயம் வானம் பொத்துக்கொண்டு கொட்டத் தொடங்கியது. அப்பால் இருந்து அது ஒருமுறை அலறியது. நாங்கள் எல்லோரும் கம்பி நீட்டினோம். இது குடைக்கம்பி இல்லை. அடிவாரம் வரைக்கும் யாரும் நிற்கவில்லை. அதற்கு மேல் நடந்ததை எனக்குச் சொன்னது பட்டன் அக்காதான்.

வளைவுக்கு அப்பால் பாதையை முழுக்க அடைத்துக்கொண்டு அது கிடந்தது. படத்தில் இருந்ததைவிடப் பெரிது. கோட்டை வாசல் அளவு முகம், விரித்த குடை அளவு கண்கள். குடைக்காரர் கால்கள் தாமாக நின்றுவிட்டன. பட்டன் அக்கா ஒரு பாறையோரமாக நின்றாள்.

மிருகம் இவர்களைத் திரும்பியே பார்க்கவில்லை. அண்ணாந்து மேலே பார்த்தது. கண்ணில் மழை விழுந்தது. உடனே கண்ணைச் சுருக்கிக்கொண்டு, வாயைப் பிளந்து அலறியது. மறுபடி மெதுவாகக் கண்ணைத் திறந்தது. மறுபடி விழுந்தது. மறுபடி அலறியது. மேகத்துக்கு மேலேயே பிறந்து வளர்ந்த பிராணி. மேலே ஏது மழை? யாரோ தன்னைக் கல்லால் அடிக்கிறார்கள் என்று நினைத்துவிட்டது போலிருக்கிறது. எந்தப் பக்கம் போவதென்று தெரியாமல் அங்கேயே படுத்து அழுதுகொண்டிருந்தது.

குடைக்காரர் கொஞ்ச நேரம் பார்த்தார். நனைகிற ஒருவர், கையில் நல்ல நிலைமையில் ஒரு குடை. அதற்கு மேல் அவரால் யோசிக்க முடியவில்லை. நடுங்கிக்கொண்டே போனார். ஒரு காலை முன்னால் ஊன்றி, உடம்பை வளைத்து, எட்டின மட்டும் கையை நீட்டினார். அப்போது அவர் இருந்த நிலை அப்படியே படத்தில் இருந்தது என்றாள் பட்டன் அக்கா. பொத்தான் உட்பட. சுற்றிலும் வெள்ளிக் கோடுகளாக மழை.

விசையை அழுத்தினார். குடை விரிந்தது. மிருகத்தின் ஒரு கண்ணுக்கு மேல் மழை நின்றது.

அலறல் பாதியில் அறுந்தது. அது கண்ணை முழுக்கத் திறந்து குடையைப் பார்த்தது. பிறகு அவரைப் பார்த்தது. அவர் உடம்பெல்லாம் உதறினாலும் குடை மட்டும் ஆடவில்லை.

“பயப்படாதே, பயப்படாதே,” என்றார். அதனிடம் சொன்னாரா, தனக்கே சொல்லிக்கொண்டாரா என்று தெரியாது. “தண்ணிதான். வெறும் தண்ணி. கொஞ்ச நேரத்துல விட்டுடும்.”

பட்டன் அக்கா பாறையோரத்திலிருந்து கத்தினாள்: “அந்தக் கண்ணுக்கு?”

“என்கிட்ட ஒரு குடைதானே இருக்கு!”

“ஒரு வேலையாவது முழுசா செய்றீங்களா!” என்று முணுமுணுத்துக்கொண்டே அவள் வந்தாள். மறுபக்கம் சுற்றிப்போய், ஒரு கல்லின் மேல் ஏறி நின்று, தன் குடையை விரித்து இன்னொரு கண்ணுக்குப் பிடித்தாள். மழை விடும்வரை இருவரும் அப்படியே நின்றார்கள். நடுவில் அந்தப் பெரிய மூக்கு இருந்ததால் ஒருவரையொருவர் பார்க்க முடியவில்லை. கை வலிக்கிறதா என்று அவர் இந்தப் பக்கமிருந்து கேட்பார். வலிக்காமல் இருக்குமா என்று அவள் அந்தப் பக்கமிருந்து கேட்பாள். மிருகம் விடுகிற மூச்சு வெந்நீர் ஆவிபோல் இதமாக இருந்ததாம். அந்த ஒன்றுக்காகத்தான் தாங்கினேன் என்று அவள் சொன்னாள். நான் நம்பினதாகக் காட்டிக்கொண்டேன்.

வெயில் வந்ததும் அது எழுந்தது. உடம்பை ஒரு சிலிர்ப்புச் சிலிர்த்து, இருவரையும் தொப்பலாக நனைத்துவிட்டு, எதிர் மலையில் ஏறி மேகத்துக்குள் போய்விட்டது.

இருவரும் இறங்கி வருவதைப் பார்த்து, அடிவாரத்தில் கூடியிருந்த நாங்கள் ஆரவாரம் செய்தோம். சேனாபதி ஓடிவந்தார். “செத்துடுச்சா?”

“இல்லீங்க. கிளம்பிடுச்சு.”

“கண்ணுல குத்துனீங்களா?”

“கண்ணுக்குக் குடை பிடிச்சோம்.”

முரசுக்காரர் அடிக்க ஓங்கிய கையை மெதுவாக இறக்கினார். சபைத் தலைவர் கண்ணாடியைக் கழற்றி, நெடுநேரம் துடைத்துவிட்டு, “மழைன்னு நான் அன்னைக்கே சொன்னேன்” என்றார். அவரைக் குறை சொல்ல முடியாது. சொன்னார்தான், முன்னால் ஒரு அம்பைச் சேர்த்துக்கொண்டார், அவ்வளவுதான்.

சிலையைப் பற்றி அதன் பிறகு யாரும் பேசவில்லை. மிருகத்துக்குக் குடை பிடித்தவருக்கு எப்படிச் சிலை வைப்பது? கொஞ்ச நாள் ஊர் அவரைக் கேலி செய்தது. என் மாட்டுக்கு ஜலதோஷம், வந்து குடை பிடிக்கிறீர்களா என்று கேட்டார்கள். கல்யாண வீடுகளில் முதல் நாற்காலி போய், வாசலோர நாற்காலி வந்தது. அவர் எல்லாவற்றுக்கும் சிரித்தார். அந்த மனுஷரிடம் கேலி செய்ய யாருக்கும் இப்போது தயக்கமில்லை. கேலி செய்யலாம் என்றால் வேலையும் சொல்லலாம் அல்லவா? பரண்களிலிருந்து குடைகள் இறங்கின. நான் என்னுடையதைக் கொண்டுபோனபோது எனக்கு முன்னால் வரிசையே நின்றது.

மாடிப்படிக்கு அடியில் மறுபடியும் அவர் தலை தெரியாத அளவுக்குக் குடைகள். எங்கள் தெரு மருத்துவச்சி கொடுத்த கறுப்புக் குடை மட்டும் வெகுநாளாக அங்கேயே கிடந்தது. அவள் வந்து கேட்கும்போதெல்லாம் நாளைக்கு வாருங்கள் என்பார். ஒருநாள் அவளுக்குப் பொறுமை போய்விட்டது. தெருவே கேட்கும்படி, “நாளைக்கு நாளைக்குன்னு எத்தனை நாளைக்குய்யா? சோம்பேறி! ஒரு கம்பி மாத்த உனக்கு ஒரு யுகமா? எந்த முகத்தை வெச்சுக்கிட்டு கடை போட்டு உக்காந்திருக்கே?” என்று கிழித்தெடுத்தாள். குடைக்காரர் தலையைக் குனிந்துகொண்டு, மாப்பிள்ளையைப்போல் முகம் சிவந்து, மனம் நிறைந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

அவள் போனதும் எதிர்வீட்டிலிருந்த நான் எட்டிப் பார்த்தேன். கறுப்புக் குடை பழுது நீங்கிப் புத்தம் புதிதாக அவர் மடியில் இருந்தது. எப்போதோ முடித்துவிட்டார்.

“அப்புறம் ஏன் குடுக்கல?” என்று கேட்டேன்.

“குடுத்துடறேன், குடுத்துடறேன்” என்றார். “இன்னொரு தடவை வந்து திட்டிட்டுப் போகட்டும்.”